வீட்டின் விலை வேறு, கடனின் விலை வேறு

வியாபாரத்தில் நம்மவர்களை யாரும் இலகுவில் ஏமாற்றிவிட முடியாது. புறக்கோட்டையில் ஒரு மூடை சீனி எடுத்தால் கிலோவுக்கு ஐம்பது சதம் கூடினாலும் கேள்வி கேட்போம். லொறிக் கூலி, ஏற்று இறக்குக் கூலி, சேதாரம் எல்லாவற்றையும் சேர்த்துத்தான் அடக்க விலையைப் போடுவோம். ஆனால் அதே ஆள் வீடு கட்டவோ வாங்கவோ கடன் எடுக்கப் போகும்போது ஒரேயொரு கேள்வியைத்தான் கேட்கிறார். "மாதம் எவ்வளவு கட்ட வேண்டி வரும்?"

தவணை கையைக் கடிக்காது என்று தெரிந்தவுடன் கையொப்பம் போட்டுவிடுகிறார். அந்தக் கடனின் அடக்க விலை என்ன என்று கேட்பதில்லை. ஒரு மனிதன் தன் வாழ்நாளில் வாங்கும் மிகப் பெரிய சாமான் வீடு. அதற்கு அடுத்த பெரிய சாமான் அந்த வீட்டுக்காக எடுக்கும் கடன். பல வேளைகளில் கடனின் விலை வீட்டின் விலையையே மிஞ்சிவிடுகிறது. இதைத்தான் இந்த வாரம் கணக்குப் போட்டுப் பார்க்கப் போகிறோம்.

ஓர் உதாரணக் கணக்கு

ஒருவர் 50 இலட்சம் ரூபா வீட்டுக் கடன் எடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். வட்டி வருடத்துக்கு 12 வீதம், காலம் 20 வருடம். வட்டி குறைந்து செல்லும் மீதியில் கணிக்கப்படுகிறது. 20 வருடமும் வட்டி மாறவில்லை என்றும் எடுத்துக்கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ 55,054 ரூபா வரும்.

240 மாதங்களில் அவர் கட்டும் மொத்தப் பணம் 132 இலட்சத்து 13 ஆயிரம் ரூபா. எடுத்தது 50 இலட்சம். கடனுக்காகக் கொடுத்த விலை 82 இலட்சத்து 13 ஆயிரம். அதாவது ஒரு வீட்டுக்குக் கடன் எடுத்தவர் இரண்டரை வீட்டுக்கும் அதிகமான பணத்தைக் கட்டி முடிக்கிறார்.

இதில் வங்கி களவு எதுவும் செய்யவில்லை. முதல் மாதம் 50 இலட்சத்துக்கு ஒரு வீதம் வட்டி, அதாவது 50,000 ரூபா. கட்டிய 55,054 ரூபாவில் அதைக் கழித்தால் மிஞ்சும் 5,054 ரூபாதான் முதலில் குறைகிறது. அடுத்த மாதம் வட்டி ஐம்பது ரூபாவால் குறையும், முதலுக்குப் போகும் பங்கு ஐம்பது ரூபாவால் கூடும். மாதத்துக்கு மாதம் இப்படித்தான் நகர்கிறது. கணக்குச் சரியானது. ஆனால் அது நகரும் வேகத்தைத்தான் நாம் கவனிப்பதில்லை.

ஐந்து வருடம் ஒரு தவணையும் தவறாமல் கட்டியவர் 33 இலட்சம் ரூபா கட்டியிருப்பார். அவருடைய கடன் மீதி 45 இலட்சத்து 87 ஆயிரம். 33 இலட்சம் கட்டிக் குறைந்தது 4 இலட்சத்து 13 ஆயிரம் மட்டுமே. பத்து வருடம் முடியும்போது 66 இலட்சம் கட்டியிருப்பார். மீதி 38 இலட்சத்து 37 ஆயிரம் இருக்கும். கடன் சரிபாதியாக, அதாவது 25 இலட்சமாக, இறங்குவதற்குக் கிட்டத்தட்ட 15 வருடம் செல்கிறது. மற்றப் பாதி கடைசி ஐந்து வருடத்தில்தான் தீர்கிறது.

"ஐந்து வருடம் கட்டிவிட்டேன், கால்வாசிக் கடன் முடிந்திருக்கும்" என்று நினைத்துக்கொண்டு வீட்டை விற்கப் போகிறவர்கள் வங்கியின் மீதிக் கடிதத்தைப் பார்த்ததும் திகைத்துப் போவது இதனால்தான்.

காலம்தான் விலையைக் கூட்டுகிறது

அதே 50 இலட்சம், அதே 12 வீதம். காலத்தை மட்டும் மாற்றிப் பாருங்கள்.

10 வருடம்: தவணை 71,735 ரூபா, மொத்தம் 86 இலட்சத்து 8 ஆயிரம்.
15 வருடம்: தவணை 60,008 ரூபா, மொத்தம் 108 இலட்சத்து 2 ஆயிரம்.
20 வருடம்: தவணை 55,054 ரூபா, மொத்தம் 132 இலட்சத்து 13 ஆயிரம்.
25 வருடம்: தவணை 52,661 ரூபா, மொத்தம் 157 இலட்சத்து 98 ஆயிரம்.

20 வருடத்திலிருந்து 25 வருடத்துக்குப் போனால் மாதத்துக்கு 2,393 ரூபா குறைகிறது. அந்தச் சிறிய ஆறுதலுக்காகக் கடைசியில் 25 இலட்சத்து 85 ஆயிரம் கூடுதலாகக் கட்ட வேண்டும். மறுபக்கம், மாதம் 4,954 ரூபா கூடக் கட்ட முடிந்தால் 20 வருடக் கடன் 15 வருடத்தில் முடிந்துவிடும். மிஞ்சுவது 24 இலட்சத்து 11 ஆயிரம்.

எனவே "தவணையைக் குறைத்துத் தருகிறோம், காலத்தைக் கூட்டிக்கொள்ளுங்கள்" என்று யாராவது சொன்னால் அது சலுகை மாதிரித் தெரியும். உண்மையில் அது இன்னொரு விற்பனை.

முந்திக் கட்டும் பணத்துக்கு மதிப்பு அதிகம்

வியாபாரிக்கு மாதச் சம்பளம் இல்லை. நோன்புப் பெருநாள் சீசனிலோ, தைப்பொங்கல், சித்திரைப் புத்தாண்டு சீசனிலோ கையில் கொஞ்சம் மொத்தப் பணம் சேரும். அதில் ஒரு பகுதியை வீட்டுக் கடனில் கட்டலாமா என்று யோசிப்பவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். எவ்வளவு கட்டுகிறோம் என்பதைப் போலவே எப்போது கட்டுகிறோம் என்பதும் முக்கியம்.

மேலே சொன்ன 20 வருடக் கடனில் முதலாம் வருட முடிவில் 5 இலட்சம் ரூபாவை மேலதிகமாக முதலில் கட்டி, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால், கடன் 5 வருடமும் 3 மாதமும் முந்தி முடிந்துவிடும். கட்ட வேண்டியிராத தவணைகளின் தொகை ஏறக்குறைய 35 இலட்சம். அதே 5 இலட்சத்தைப் பதினைந்தாம் வருட முடிவில் கட்டினால் 15 மாதம்தான் முந்தும். அப்போது மிஞ்சும் தவணைகள் எட்டரை இலட்சம் அளவுதான்.

இங்கே இரண்டு விடயங்களைக் கவனிக்க வேண்டும். முன்கூட்டிக் கட்டுவதற்கு வங்கி கட்டணம் அறவிடுமா என்பதை ஒப்பந்தத்தில் பாருங்கள். அடுத்து, மேலதிகமாகக் கட்டும் பணம் முதலில் கழிக்கப்பட்டுக் காலம் குறைக்கப்பட வேண்டும் என்று எழுத்து மூலம் கேளுங்கள். சொல்லாவிட்டால் காலத்தை அப்படியே வைத்துக்கொண்டு தவணையை மட்டும் குறைத்துவிடலாம். அப்படிச் செய்தால் மேலே சொன்ன அளவு மிச்சம் வராது.

சரக்கில் போட்டால் இதைவிட இலாபம் வருமே என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். வரலாம். ஆனால் சரக்கில் வரும் இலாபம் நிச்சயமற்றது. 12 வீதக் கடனில் கட்டும் ரூபாவுக்கு 12 வீத மிச்சம் நிச்சயம். ஆறு மாதக் கடைச் செலவையும் வீட்டுத் தவணையையும் ஒதுக்கி வைத்த பிறகு மிஞ்சும் பணத்துக்குத்தான் இந்தத் தெரிவு.

வட்டி வீதத்தின் இரண்டு பொறிகள்

முதலாவது, "பிளாட் ரேட்" எனப்படும் நேர் வட்டி. லீசிங்கில் வாகனம் எடுத்தவர்களுக்கு இது பழக்கம். 10 இலட்சத்துக்கு வருடம் 10 வீதம், ஐந்து வருடம் என்றால் வட்டி 5 இலட்சம், தவணை 25,000 ரூபா. கேட்கச் சுகமாக இருக்கும். ஆனால் நீங்கள் மாதாமாதம் முதலைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டே வந்தாலும் கடைசி மாதம் வரை முழு 10 இலட்சத்துக்கும் வட்டி கட்டுகிறீர்கள். குறைந்து செல்லும் மீதியில் கணக்குப் பார்த்தால் அது 17 வீதத்துக்கும் மேல். வீட்டைத் திருத்த, மாடி எழுப்ப என்று சிறிய நிதி நிறுவனங்களில் கடன் எடுப்பவர்கள் இதை அவசியம் கேட்க வேண்டும். ஒருவர் 10 வீதம் என்றும் மற்றவர் 14 வீதம் என்றும் சொன்னால், 14 வீதக்காரர் மலிவானவராக இருக்கக்கூடும்.

இரண்டாவது, மாறும் வட்டி. பெரும்பாலான வீட்டுக் கடன்களில் முதல் சில வருடங்களுக்கு மட்டுமே வட்டி நிலையானது. அதன் பிறகு சந்தை வீதத்துடன் சேர்ந்து மாறும். அதற்கு அடிப்படையாக அநேகமாக எடுக்கப்படுவது மத்திய வங்கி வெளியிடும் சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம். இந்த வீதத்துக்கு மேல் இத்தனை வீதம் என்று ஒப்பந்தத்தில் எழுதியிருப்பார்கள்.

இந்த ஒரு வரி எவ்வளவு பாரதூரமானது என்பதை நமது நாடு கண்ணால் கண்டுவிட்டது. 2021 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அந்த முதன்மை வீதம் 6 வீதத்துக்கும் கீழே இருந்தது. அந்த மலிவை நம்பிப் பலர் வீட்டுக் கடன் எடுத்தார்கள். 2022 ஏப்ரலில் மத்திய வங்கி தனது கொள்கை வட்டி வீதங்களை ஒரேயடியாக 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. அந்த வருடக் கடைசியில் முதன்மை வீதம் 25 வீதத்தைத் தாண்டியிருந்தது. பிறகு படிப்படியாக இறங்கி 2024 இல் மீண்டும் 10 வீதத்துக்குக் கீழே வந்தது. வந்தது உண்மைதான். ஆனால் இடைப்பட்ட காலத்தில் தவணை கட்ட வேண்டியிருந்தவர்களின் நிலை என்ன?

நமது உதாரணக்காரரையே எடுத்துக்கொள்வோம். ஐந்து வருட முடிவில் அவருடைய மீதி 45 இலட்சத்து 87 ஆயிரம். அப்போது வட்டி 24 வீதமாக உயர்ந்தால் ஒரு மாத வட்டி மட்டுமே 91,744 ரூபா. அவர் கட்டி வந்த 55,054 ரூபா வட்டிக்கே போதாது. எஞ்சிய 15 வருடத்தில் முடிக்க வேண்டுமானால் தவணை 94,418 ரூபாவாக உயரும். கடையில் விற்பனையும் படுத்திருக்கும் அதே நேரத்தில்தான் இது நடக்கும். வட்டி உயரும் காலமும் வியாபாரம் படுக்கும் காலமும் பெரும்பாலும் ஒன்றாகவே வரும் என்பதை 2022 நமக்குக் காட்டியது.

ஆகவே கடன் எடுக்கும் முன்னர் இன்றைய வீதத்தில் மட்டும் கணக்குப் பார்க்காதீர்கள். வட்டி இரட்டிப்பானால் எத்தனை மாதம் தாக்குப் பிடிக்க முடியும் என்றும் பாருங்கள். மாறும் வட்டிக்கு ஓர் உச்ச எல்லை எழுதித் தருவார்களா என்று கேளுங்கள்.

தவணைப் பட்டியலில் வராத செலவுகள்

காணியின் மதிப்பீட்டுக் கட்டணம், உறுதிகளைப் பரிசோதிக்கும் சட்டத்தரணியின் கட்டணம், ஈட்டு உறுதி எழுதிப் பதிவு செய்யும் செலவு, வங்கியின் ஆவணக் கட்டணம் ஆகியவை முதலிலேயே கையிலிருந்து போகும். வீட்டுக்குத் தீக் காப்புறுதியும் கடன் எடுப்பவருக்கு ஆயுள் காப்புறுதியும் கேட்பார்கள். காப்புறுதிப் பணத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால் அதற்கும் 20 வருடம் வட்டி ஓடும். கடன் முடிந்த பிறகு ஈட்டை விடுவித்து உறுதியை மீட்பதற்கும் செலவு உண்டு.

சொந்தக் காணியில் வீடு கட்டுபவர்களுக்கு இன்னொன்று. பணம் கட்டம் கட்டமாகத்தான் கிடைக்கும். அத்திவாரம் போட்டு முடித்ததைப் பார்த்த பிறகே அடுத்த கட்டம். சீமெந்து, கம்பி விலை ஏறினால் கடைசிக் கட்டத்தில் கூரை போடப் பணம் போதாமல் போகும். அப்போது கடையின் ஓவர்டிராப்டிலிருந்தோ கைமாற்றாகவோ எடுப்பார்கள். அதுதான் மிக விலை கூடிய பணம். மதிப்பீட்டுக்கு மேல் ஒரு தொகையைக் கையில் வைத்துக்கொள்ளாமல் அத்திவாரம் வெட்டக் கூடாது.

தவணையைத் தள்ளிப்போடும் சலுகைக் காலத்துக்கும் விலை உண்டு. ஐந்து வருட முடிவில் இருக்கும் அந்த 45 இலட்சத்து 87 ஆயிரத்துக்கு ஆறு மாதம் எதுவும் கட்டாமல் 12 வீத வட்டி சேர்ந்துகொண்டே போனால் கடன் 2 இலட்சத்து 82 ஆயிரத்தால் கூடும். ஐந்து வருடமாகக் குறைத்ததில் மூன்றில் இரண்டு பங்கு ஆறு மாதத்தில் போய்விடும். சலுகை தேவைப்பட்டால் எடுக்கத்தான் வேண்டும். ஆனால் வட்டியையாவது கட்டி வருவது நல்லது.

வீட்டையும் கடையையும் ஒரே கயிற்றில் கட்டாதீர்கள்

வீட்டு உறுதி வங்கியில் இருக்கிறதே என்று அதே ஈட்டின் மேல் கடைக்கும் கடன் எடுப்பது நம்மவர்களிடம் சாதாரணம். சில ஈட்டு உறுதிகளில், அந்த வங்கிக்கு நீங்கள் கொடுக்க வேண்டிய எல்லாக் கடனுக்கும் இந்த வீடு பிணை என்று எழுதப்பட்டிருக்கும். அப்படியானால் வீட்டுத் தவணையை ஒழுங்காகக் கட்டினாலும் கடைக் கடன் சறுக்கும்போது வீடும் சேர்ந்து ஆபத்தில் விழும்.

1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தின்படி, ஈடு வைக்கப்பட்ட ஆதனத்தை வங்கியின் பணிப்பாளர் சபை தீர்மானம் நிறைவேற்றி, நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலே ஏலத்தில் விற்க முடியும். இதைத்தான் "பராட்டே" என்கிறோம். இந்தச் சட்டம் பின்னர் திருத்தப்பட்டது. பொருளாதார நெருக்கடியால் தத்தளித்த வியாபாரிகளுக்காக 2024 இல் தற்காலிகமாக இடைநிறுத்தவும்பட்டது. தற்காலிக நிறுத்தத்தை நம்பித் திட்டம் போடக் கூடாது. ஈட்டு உறுதியில் கையொப்பமிட முன்னர் வங்கியின் சட்டத்தரணிக்குப் புறம்பாக உங்கள் சட்டத்தரணி ஒருவரிடம் அதை வாசிக்கக் கொடுங்கள். அவருக்குக் கொடுக்கும் கட்டணம் வீண் போகாது.

வட்டியில்லா முறையிலும் கணக்கு வேண்டும்

வட்டியை மார்க்கம் தடுத்திருப்பதால் பலர் இஸ்லாமிய நிதி முறைகளை நாடுகின்றனர். 2005 ஆம் ஆண்டு வங்கிச் சட்டத் திருத்தம் இதற்கு நமது நாட்டில் வழி திறந்தது. 2011 இல் முழுமையான இஸ்லாமிய வங்கியொன்றாக அமானா வங்கி தொழிற்படத் தொடங்கியது. வேறு வங்கிகளிலும் இதற்கெனத் தனிப் பிரிவுகள் உள்ளன. எது ஆகும், எது ஆகாது என்பதை உலமாக்களிடம் கேளுங்கள். இந்தப் பகுதியில் நாம் பேசுவது கணக்கு மட்டுமே.

முறாபஹாவில் நிறுவனம் பொருளை வாங்கி, இலாபம் சேர்த்து, தவணைக்கு விற்கிறது. விலை முதலிலேயே நிர்ணயிக்கப்படும். பிறகு சந்தை வீதம் ஏறினாலும் அந்த விலை ஏறாது. இது பெரிய பாதுகாப்பு. ஆனால் முந்திக் கட்டி முடித்தால் கழிவு தருவது விற்றவரின் விருப்பம். குறைந்து செல்லும் முஷாரகாவில் வீட்டில் நிறுவனமும் நீங்களும் பங்காளிகள். அவர்களது பங்கைச் சிறிது சிறிதாக வாங்கிக்கொண்டு, மீதிப் பங்குக்கு வாடகை கட்டுகிறீர்கள். அந்த வாடகை குறிப்பிட்ட காலத்துக்கு ஒரு முறை மீளாய்வு செய்யப்படலாம். அப்படியானால் மாறும் வட்டியில் சொன்ன அதே கேள்வியை இங்கும் கேட்க வேண்டும். ஹலாலான கொடுக்கல் வாங்கலிலும் விலை கேட்பது வாங்குபவரின் உரிமை.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும்

இதையெல்லாம் வாசித்துவிட்டு வீட்டுக் கடனே கூடாது என்று முடிவு கட்ட வேண்டியதில்லை. கடன் எடுக்காதவர் வாடகை கட்டுகிறார். வாடகை ஏறும், தவணை நிலையானதாக இருந்தால் ஏறாது. அத்துடன் இன்றைய 55,000 ரூபாவும் பதினைந்து வருடம் கழித்து வரும் 55,000 ரூபாவும் ஒன்றல்ல. கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி 2022 செப்டெம்பரில் பணவீக்கம் ஏறத்தாழ 70 வீதமாக இருந்தது. அப்போது நிலையான வட்டியில் நீண்ட காலக் கடன் வைத்திருந்தவர்களின் கடன் பாரம் உண்மையில் இலேசானது. மாறும் வட்டிக்காரர்களுக்கு அந்த ஆறுதலில் பெரும் பகுதி கிடைக்கவில்லை. கடனா இல்லையா என்பதைவிட எந்த மாதிரிக் கடன், எவ்வளவு காலம் என்பதே பெரிய கேள்வி.

கையொப்பமிட முன்னர் கேளுங்கள்

1. கடைசித் தவணை வரை நான் கட்டும் மொத்தத் தொகை எவ்வளவு?
2. மாதாமாதம் முதல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று காட்டும் அட்டவணையைத் தருவீர்களா?
3. வட்டி நேர் வட்டியா, குறைந்து செல்லும் மீதியிலா?
4. எத்தனை வருடம் நிலையானது? அதன் பிறகு எந்த வீதத்தோடு, எத்தனை மாதத்துக்கு ஒரு முறை மாறும்?
5. முந்திக் கட்டினால் கட்டணம் உண்டா? காலம் குறையுமா?
6. தவணை பிந்தினால் என்ன அறவிடுவீர்கள்?
7. இந்த ஈடு வீட்டுக் கடனுக்கு மட்டுமா, எனது மற்றக் கடன்களுக்கும் சேர்த்தா?

கிளை முகாமையாளர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் பதில்களை எழுத்தில் வாங்குங்கள். அவர் மாற்றலாகிப் போவார், கடன் உங்களோடு இருக்கும். அட்டவணையை வீட்டுக்குக் கொண்டுபோய் மனைவியிடமும் விவரம் தெரிந்த பிள்ளைகளிடமும் காட்டுங்கள். நீங்கள் இல்லாத காலத்தில் அந்தத் தவணைக்கும் அந்த உறுதிக்கும் பொறுப்பாகப் போவது அவர்கள்தான். இரண்டு மூன்று இடங்களில் வாங்கிய அட்டவணைகளை அருகருகே வைத்து அடி வரியில் உள்ள மொத்தத்தை ஒப்பிட்டுப் பார்த்த பிறகு முடிவெடுங்கள்.